காக்காய்த் தந்தி

நீடாமங்கலம்,
ஆவணி 4, புதன்கிழமை.

அன்புள்ள தம்பி முருகையனுக்கு,

பினாங்கில் நீயும் உன் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் சுகமாக இருக்கவேண்டும் என்று நம்ம ஊர் மாரியம்மனை வேண்டிக்கொண்டு அக்கா பிரகதாம்பாள் எழுதுகிறேன். எனக்கு முட்டி வலியைத் தவிர வேறு குறை இல்லை. எண்பத்தைந்து வயதில் அதுவும் இல்லாவிட்டால் நான் உயிரோடுதான் இருக்கிறேனா என்று எனக்கே சந்தேகம் வந்துவிடும்.

போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று கேட்பாய். வீடியோவில் கூப்பிட்டால் நீ முகத்தைக் காட்டுவதில்லை, காதைத்தான் காட்டுகிறாய். போன தீபாவளிக்கு முக்கால் மணி நேரம் உன் காதோடுதான் பேசினேன். அதுவும் பாதி கேட்கவில்லை என்றாய். இப்போது நான் சொல்லப்போவது கத்திச் சொல்கிற சமாசாரம் இல்லை. என் மகன் பிரபு, "நீ சொல்லும்மா, நான் போன்லயே அடிச்சு அனுப்பிடறேன்" என்றான். அவனுக்கும் தெரியக்கூடாது என்பதால் வேண்டாமென்றேன். கண் ஆபரேஷனுக்குப் பிறகு கோடு நன்றாகத் தெரிகிறது, பேனாதான் சொன்னபடி கேட்கமாட்டேன் என்கிறது. கோணல்மாணலாக இருந்தாலும் கடைசிவரை படி. நடுவில் மடித்து வைத்துவிடாதே.

சென்னையிலிருந்து நுஸைபா என்று ஒரு பெண் உனக்குப் போன் செய்வாள். நம்ம அப்பா நடித்த படத்தின் துண்டு ஒன்றை அனுப்புவாள். அதைப் பார்ப்பதற்கு முன் இந்தக் கடிதத்தைப் படித்துவிடு. அம்மாவைப் பற்றி நீ எழுபது வருஷமாக நம்பிக்கொண்டிருப்பது பொய். அந்தப் பொய்யால் பிழைத்தவள் நான். அவளுக்கு நீ ஒரு திதி கூடக் கொடுத்ததில்லை. நான் போவதற்குள் அது நடக்கவேண்டும். அதற்குத்தான் எழுதுகிறேன்.

ஊர்ச் சேதியைச் சொல்லாமல் போனால் நீ கோபிப்பாய். இந்த வருஷம் மேட்டூர் சரியான நாளில் திறந்துவிட்டார்கள். வெண்ணாற்றில் தண்ணீர் நிறையப் போகிறது. பிரபு சித்திரையிலேயே மோட்டார் தண்ணீரில் நாற்று விட்டு, குத்தகை நிலத்தோடு சேர்த்துக் குறுவை போட்டிருக்கிறான். கதிர் பழுத்துவிட்டது. அறுப்பு மெஷினுக்குச் சொல்லி வைத்து ஒரு வாரம் ஆகிறது, அது இன்னும் மன்னார்குடிப் பக்கத்திலேயே சுற்றிக்கொண்டிருக்கிறதாம். மழை முந்திக்கொண்டால் கொள்முதல் நிலையத்தில் ஈரம் என்று சொல்லித் திருப்பி அனுப்புவார்கள். அவன் தினமும் வானத்தைப் பார்த்துப் பார்த்துக் கழுத்து சுளுக்கிக்கொண்டான்.

நுஸைபா ஆடிப்பெருக்குக்கு மறுநாள் வந்தாள். பழைய சினிமாவில் பேர் போடாமல் விட்டுப்போன துணை நடிகர்களைப் பற்றி ஆராய்ச்சி செய்து புத்தகம் எழுதுகிறாள். நம்ம அப்பா பேரையும் ஊரையும் கண்டுபிடித்து, தபால் ஆபீசில் விசாரித்து, வெயிலில் நடந்து வந்து நின்றாள். மோர் கொடுத்தேன். "நீங்க வைத்திலிங்கம் சார் பொண்ணா?" என்று கேட்டாள். நம்ம அப்பாவை யாரும் சார் என்று சொல்லி நான் கேட்டதில்லை. இந்த ஊரில் அவருக்கு இருந்த பேர் உனக்கு நினைவிருக்கும். 'செத்துப் பிழைக்கிற வைத்திலிங்கம்.'

அவர் போகும்போது உனக்குப் பத்து வயது, அதனால் எல்லாம் தெரிந்திருக்காது. அவரை ஒன்பது வயதில் பாய்ஸ் நாடகக் கம்பெனியில் சேர்த்துவிட்டிருக்கிறார்கள். பெண் வேஷம் கட்டிப் பாடிக்கொண்டிருந்த பிள்ளைக்குப் பதினான்கு வயதில் மகரக்கட்டு வந்து குரல் உடைந்தது. உடைகிற நேரத்தில் ஒரு வருஷம் தொண்டையைச் சும்மா விட்டிருக்கவேண்டும். கம்பெனிக்காரர் விடவில்லை, ராத்திரிக்கு ராத்திரி பாடவைத்தார். அதோடு போயிற்று. பாட்டு வராது, பேசினாலும் உமி தின்றவர் மாதிரி ஒரு கரகரப்பு.

மெட்ராஸில் ஊமைப்படம் எடுக்க ஆரம்பித்தபோது அதனால்தான் அவருக்கு வேலை கிடைத்தது. குரல் யாருக்கு வேண்டும்? குதிரையிலிருந்து விழவேண்டும், மதிலேறிக் குதிக்கவேண்டும், கத்திச்சண்டை போடவேண்டும். அதற்கெல்லாம் அவரை அடிக்க ஆளில்லை. மேலே வெள்ளைத்துணி கட்டி வெயில் வெளிச்சத்திலேயே படம் பிடிப்பார்களாம். வாய் அசைந்தால் போதும் என்பதால், ராணி நெஞ்சில் அடித்துக்கொண்டு அழும்போது, "இன்னிக்கு என்ன குழம்பு, எனக்கு ரெண்டு கரண்டி கூடப் போடச் சொல்லுங்க" என்று சொல்லிக்கொண்டே அழுவாளாம். பொங்கலுக்கு வரும்போது இதையெல்லாம் நடித்துக் காட்டுவார். நீ வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பாய்.

பிறகு பேசும்படம் வந்தது. கல்கத்தாவுக்கு ரயிலேற்றிக் கூட்டிப்போனார்கள். ராஜாவின் தம்பி வேஷம் என்று சொல்லித்தான் கூட்டிப்போனது. மைக்குக்கு முன்னால் நிறுத்தி ஒரு பாட்டுப் பாடச் சொன்னார்களாம். இவர் இரண்டு அடி பாடியதும் சத்தப் பெட்டிக்குப் பின்னால் இருந்த வங்காளி காதிலிருந்ததைக் கழற்றிவிட்டு வெளியே வந்து பார்த்தானாம், கருவியில்தான் ஏதோ கோளாறு என்று. அத்தோடு தம்பி வேஷம் போயிற்று. அந்தப் படத்தில் வேல் பிடித்துக்கொண்டு வாசலில் நின்றார். அடுத்த இருபது வருஷமும் வேல்தான். இல்லையென்றால் சாவு. நன்றாக விழத் தெரிந்தவர் என்பதால் முதலில் கொல்லவேண்டிய ஆளுக்கு இவரைத்தான் கூப்பிட்டார்கள். நுஸைபா எண்ணி வைத்திருக்கிறாள். இருபத்திரண்டு படம், அதில் பதினான்கில் செத்திருக்கிறார்.

நீடாமங்கலத்து டூரிங் கொட்டகையில் அவர் படம் வந்தால் நம்ம ஊர்க்காரர்கள் எத்தனையாவது ரீலில் சாவார் என்று பந்தயம் கட்டுவார்கள். அம்மா ஒரே ஒரு தடவை போனாள், என்னை இடுப்பில் வைத்துக்கொண்டு. அப்பா குத்துப்பட்டு விழுந்ததும் கொட்டகையே திரும்பி அம்மாவைப் பார்த்திருக்கிறது. எவனோ, "நாகம்மா, தாலியைப் பத்திரமா வச்சிக்க" என்றானாம். எழுந்து வந்தவள்தான், அப்புறம் கொட்டகைப் பக்கமே போகவில்லை.

இனிமேல்தான் உனக்குத் தெரியாத கதை.

அப்பா போவதற்கு மூன்று வருஷம் முன்னால் ஸ்டுடியோ தோட்டத்தில் பிணமாகப் படுத்துக் கிடந்திருக்கிறார். போர்க்களக் காட்சி. காமிரா தயாராகும்வரை அசையாமல் கிடந்தவரை ஒரு காக்காய் வந்து நடுமண்டையில் கொத்திவிட்டுப் போய்விட்டது. கூட இருந்தவர்கள் பதறிவிட்டார்கள். காக்காய் தலையில் அடித்தால் என்ன செய்வார்கள் என்று உனக்குத் தெரியும். சொந்தக்காரருக்குச் செத்துப்போனதாகப் பொய்ச் சேதி அனுப்பவேண்டும். அவர்கள் அதை நம்பி அழுதுவிட்டால் தோஷம் கழிந்துவிடும். அப்புறம் உண்மையைச் சொல்லிக்கொள்ளலாம். அப்பாவுக்குச் சினேகிதர் நாகப்பட்டினம் சிங்காரவேலு, கடற்கரைக்காரர், அவரோடு ஒரே அறையில் தங்கியிருந்தவர், அவரும் வேல் பிடிக்கிற ஆள்தான். அவர் உடனே போய் நம்ம மாமா பேருக்குத் தந்தி கொடுத்துவிட்டார்.

மாமா நெஞ்சழுத்தக்காரர், நாலு சொட்டுக் கண்ணீரோடு நிறுத்திக்கொள்வார் என்று அப்பா நினைத்திருக்கிறார். மாமா தந்தியைக் கையில் பிடித்துக்கொண்டு வரப்போடு வரப்பாக அலறிக்கொண்டு ஓடிவந்துவிட்டார். அம்மா பூவைப் பிய்த்தெறிந்து, மண்ணில் புரண்டு, ஒரு பகலும் ஒரு ராத்திரியும் அழுதாள். உனக்கு ஏழு வயது. மாமா மடியில் உட்கார்ந்து நீயும் அழுதாய். மறுநாள் மாமா ரயிலுக்குக் கிளம்புகிற நேரத்தில் கார்டு வந்தது. காக்காய் கொத்தியது, பயப்படவேண்டாம், சௌக்கியமாக இருக்கிறேன் என்று. ஊரே சிரித்தது. ஆறு மாதத்துக்கு அம்மாவால் குளத்துக்குப் போகமுடியவில்லை. "ஒப்பாரி நல்லா இருந்துச்சு நாகம்மா, எங்க வீட்டுக்கும் வருவியா?" என்று கேட்பார்கள்.

அந்தப் பொங்கலுக்கு அப்பா வந்தபோது அம்மா இரண்டு நாள் அவரோடு பேசவில்லை. மாமா, இனிமேல் என் பேருக்கு இந்த எழவையெல்லாம் அனுப்பாதீர்கள் என்று கண்டித்துவிட்டார். ஊருக்குப் புறப்படும்போது அப்பா என்னைத் தனியாகக் கூப்பிட்டார். வீட்டில் எழுதப் படிக்கத் தெரிந்தவள் நான்தானே. தலையைத் தடவிக்கொண்டே சிரித்தபடி சொன்னார்.

"காக்கா என்னைச் சும்மா விடாது போலருக்கு. இனிமே அப்படி எதாச்சும் தந்தி வந்தா அம்மாகிட்ட காட்டாதே. கிழிச்சுப் போட்டுட்டு அடுத்த கார்டு வர்ற வரைக்கும் சும்மா இரு. அவ ரொம்ப அழுதுட்டா."

சரிப்பா என்றேன். அவர் சொன்னது அவ்வளவுதான்.

மூன்று வருஷம் கழித்து மாசி மாதம். தாளடி அறுப்பு. அம்மா களத்தில் இருந்தாள், நீ பள்ளிக்கூடத்தில். எனக்குப் பதினைந்து வயது. எட்டாவதோடு நிறுத்தி வீட்டில் வைத்திருந்தார்கள், திருத்துறைப்பூண்டியிலிருந்து பெண் பார்த்துவிட்டுப் போயிருந்தார்கள். வாசலில் நெல் காய்ந்துகொண்டிருந்தது. தந்திக்காரர் சைக்கிளை நிறுத்திவிட்டு உறையை நீட்டினார். முன்பு மாமாவிடம் கொடுத்தவரும் அவரேதான். நான் பிரித்தேன். அதே சிங்காரவேலு பேர். அதே வார்த்தை. வைத்திலிங்கம் எக்ஸ்பயர்டு, ஸ்டார்ட் இம்மீடியட்லி.

தந்திக்காரர் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "என்ன பாப்பா, மறுபடியும் காக்காத் தந்தியா?" என்று கேட்டார்.

நான் சிரித்தேன், தம்பி.

அவரும் சிரித்தார். சிரித்துக்கொண்டே கிழித்தேன். சாவுச் சேதி வந்த காகிதத்தை வீட்டுக்குள் கொண்டுபோகக் கூடாது என்பார்களே, அதனால் வாய்க்காலில் போட்டுவிட்டுக் கையைக் கழுவிக்கொண்டு வந்து நெல்லைக் கிளறினேன். அன்று சாயங்கால வண்டியைப் பிடித்திருந்தால் விடிந்ததும் எழும்பூரில் இறங்கியிருப்போம். நீ அவர் முகத்தைப் பார்த்திருப்பாய். கொள்ளி வைத்திருப்பாய்.

மறுநாள் கார்டு வரவில்லை. அதற்கு மறுநாளும் வரவில்லை. தபால்காரர் எங்கேயாவது தவறவிட்டிருப்பார் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். மூன்றாம் நாள் சோறு இறங்கவில்லை. அம்மா, காய்ச்சலா என்று நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள். அப்போதாவது சொல்லியிருக்கலாம். பயம். சொன்னால் அது நிஜமாகிவிடும் என்று ஒரு பயம்.

ஐந்தாம் நாள்தான் கார்டு வந்தது. அம்மா படிக்கச் சொன்னாள். சிங்காரவேலு எழுதியிருந்தார். அண்ணியாருக்கு, தந்தி கொடுத்து ஒன்றரை நாள் ஐஸ் கட்டியில் வைத்துக் காத்திருந்தோம், ஒருவரும் வரவில்லை, இனிமேலும் வைத்திருக்க வீட்டுக்காரர் சம்மதிக்காததால் நானே கொள்ளி வைத்தேன், இப்படிச் செய்துவிட்டீர்களே. இதை நான் சத்தமாகப் படித்தேன், முருகையா. அம்மா, "எந்தத் தந்தி?" என்று கேட்டாள். என் முகத்தைப் பார்த்தாள். அப்புறம் இரண்டாவது தடவை கேட்கவில்லை.

ஊர் கூடிவிட்டது. மாமா தந்திக்காரரைக் கையோடு இழுத்து வந்துவிட்டார், தந்தி வந்ததா இல்லையா, யாரிடம் கொடுத்தீர் என்று. அவர் என்னைப் பார்த்தார். வாயெடுக்கப் போனார். அதற்குள் அம்மா எழுந்து நின்றாள்.

"தந்தி வந்துச்சு. நாந்தான் வாங்கினேன். அவருதான் படிச்சுச் சொன்னாரு. எனக்குப் போக மனசு வரல."

தந்திக்காரர் அம்மாவை ஒரு நிமிஷம் பார்த்துவிட்டு, ஆமாம் என்று தலையாட்டினார். அந்த மனுஷனும் அதைக் கடைசிவரை வெளியே விடவில்லை.

அப்பா இரண்டு பொங்கலாக ஊருக்கு வராததால், மெட்ராஸில் ஒருத்தியை வைத்துக்கொண்டிருக்கிறார் என்று ஏற்கெனவே ஊரில் பேச்சு. அதனால் எல்லோரும் சுலபமாக நம்பிவிட்டார்கள். புருஷன் பிணத்தைப் பார்க்கப் போகாத ராட்சசி என்றார்கள். மாமா காறித் துப்பிவிட்டு, இந்த வாசற்படியை இனி மிதிக்கமாட்டேன் என்று போனார், பத்து வருஷம் மிதிக்கவில்லை. நீ அம்மாவின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு நின்றாய். அவள் அதைச் சொன்னதும் கையை எடுத்துவிட்டாய். நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன்.

அன்று ராத்திரியே அம்மாவிடம் நடந்ததையெல்லாம் சொல்லிவிட்டேன். மறுநாள் காலை வாய்க்காலில் அம்மா என்னைக் குளிக்கவைத்தாள். முதுகில் தண்ணீர் ஊற்றிக்கொண்டே மெதுவாகச் சொன்னாள்.

"நான் தாலி அறுத்தவ. எனக்கு இனிமே என்ன கெட்டுப்போவுது? அப்பன் செத்த தந்தியைச் சிரிச்சுக்கிட்டே கிழிச்சவன்னு உனக்குப் பேரு வந்தா எவன்டி உன்னைக் கட்டுவான்? வாயைத் தொறக்காதே."

தம்பிக்காவது சொல்லம்மா என்று அழுதேன். அவன் சின்னப் பிள்ளை, வாயில் நிற்காது, பெரியவனானதும் நானே சொல்லிக்கொள்கிறேன் என்றாள். பெரியவனானதும் நீ அவள் எதிரில் நிற்கவே இல்லை. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் கொள்ளி வைக்காதவன் என்று உன்னைக் கேலி செய்வார்கள், நீ வந்து அவளிடம் பேசாமல் தட்டைத் தள்ளிவிட்டுப் படுப்பாய். பத்தொன்பது வயதில் நாகப்பட்டினத்தில் கப்பலேறினாய். அம்மா சட்டி நிறைய அதிரசம் சுட்டு வைத்திருந்தாள். நீ எடுத்துப்போகவில்லை.

எனக்குக் கல்யாணம் ஆயிற்று. நல்ல இடம், நல்ல மனுஷன், மூன்று பிள்ளைகள். எல்லாம் அம்மாவின் பேரைக் கெடுத்து நான் வாங்கிக்கொண்டது. அவள் என்னிடம் சத்தியம் ஒன்றும் வாங்கவில்லை. கல்யாணமானதும் சொல்லியிருக்கலாம், பிள்ளை பெற்றதும் சொல்லியிருக்கலாம். மாமியார் என்ன சொல்வாள், நாத்தனார் என்ன சொல்வாள் என்று தள்ளிக்கொண்டே போனேன். பிறகு மருமகள் என்ன சொல்வாள் என்று ஆகிவிட்டது. வயிற்றிலே நெருப்பைக் கட்டிக்கொண்டு இருந்தேன் என்றெல்லாம் உன்னிடம் கதை விடமாட்டேன். பல நாள் மறந்துபோய் நன்றாகத்தான் இருந்தேன். அதுதான் இப்போது கூசுகிறது.

உன் கடிதம் என் பேருக்குத்தான் வரும். அம்மா வந்து பக்கத்தில் உட்கார்ந்து, "என்னைக் கேட்டிருக்கானா?" என்பாள். கேட்டிருக்கான் என்பேன். எந்த இடத்துல எழுதியிருக்கான், காட்டு என்று கேட்பாள். படிக்கத் தெரியாதவளுக்கு ஏதோ ஒரு வரியைக் காட்டுவேன். அதில் விரலை வைத்துத் தடவுவாள். பெரும்பாலும் அது உன் கம்பெனி லீவைப் பற்றிய வரியாக இருக்கும்.

அவள் போனபோது உனக்குத் தந்தி கொடுத்தேன். நீ வரவில்லை. மாமா மகன் கொள்ளி வைத்தான். பதினைந்து நாள் கழித்து உன் கடிதம் வந்தது. 'அவர் செத்தபோது அவள் போகவில்லை. அவள் செத்தபோது நான் வரவில்லை.' இரண்டே வரி. அன்றைக்கே பதில் எழுத உட்கார்ந்தேன். அவளும் இல்லை, இனி மறைக்க என்ன இருக்கிறது என்று பேனாவை எடுத்துவிட்டேன். கடைசியில் நான் எழுதியது, இந்த வருஷம் மழை இல்லை, சம்பா கருகுகிறது என்பதைத்தான். அந்தக் கடிதம் உன்னிடம் இருந்தால் எடுத்துப் பார். ஒரு பக்கம் முழுக்க மழையைப் பற்றித்தான் இருக்கும்.

இப்போது ஏன் சொல்கிறாள் கிழவி என்று கேட்பாய். சிங்காரவேலு நோட்டு எழுதுகிற பழக்கம் உள்ளவர். சுனாமியில் அவர் வீட்டுக்குள் கடல் புகுந்து எல்லாவற்றையும் வாரிக்கொண்டு போனபோதும், பரணில் இருந்த நோட்டுகள் தப்பிவிட்டன. அவர் பேரன் அவற்றை நுஸைபாவிடம் கொடுத்திருக்கிறான். அதிலே தந்தி கொடுத்தது, ஐஸ் வாங்கியது, ஒவ்வொரு வண்டிக்கும் எழும்பூருக்கு ஆள் அனுப்பிப் பார்த்தது, எல்லாம் எழுதியிருக்கிறது. 'மனைவி வர மறுத்துவிட்டதாகப் பிற்பாடு அறிந்தேன்' என்று முடித்திருக்கிறார். அது அப்படியே புத்தகத்தில் வரப்போகிறது. அந்தப் பெண் ரிக்கார்டரை முன்னால் வைத்துவிட்டு, "ஒண்ணு கேக்கலாமாம்மா? உங்க அம்மா ஏன் போகல?" என்று மரியாதையாகத்தான் கேட்டாள். நான் எழுந்து அடுப்பைப் பார்க்கப் போய்விட்டேன். அடுப்பில் ஒன்றும் இல்லை. அவள் கிளம்பும்போது, என் தம்பி பதில் போடும்வரை அந்தப் பக்கத்தை அச்சுக்குக் கொடுக்காதே என்று கையைப் பிடித்துக் கேட்டுக்கொண்டேன். சரி என்று சொல்லியிருக்கிறாள்.

அந்த நோட்டில் இன்னொன்றும் இருக்கிறது. மெட்ராஸில் எந்தப் பெண்ணும் இல்லை. பின்னணிப் பாட்டு வந்தபிறகு பாடத் தெரியாதவர்களுக்கும் நல்ல வேஷம் கிடைக்கும் என்று அப்பா நம்பிக்கொண்டிருந்தாராம். கிடைத்தது இளவட்டங்களுக்கு. இவருக்கு வயதாகிவிட்டது, தோளெலும்பு ஒரு தடவை முறிந்ததில் விழவும் முடியவில்லை. கடைசி இரண்டு வருஷம் கும்பலில் நிற்பவர்களுக்குத் தலைப்பாகை கட்டிவிடுகிற வேலை பார்த்திருக்கிறார். ஊருக்குப் போனால் அடுத்து என்ன படம் என்று கேட்பார்களே, என்ன சொல்வது என்று வராமல் இருந்திருக்கிறார். தலைப்பாகைத் துணியை மடித்துக்கொண்டிருக்கும்போதே மார்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாராம். பக்கத்தில் இருந்தவர்கள் நடிக்கிறார் என்று நினைத்துக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்களாம்.

நுஸைபா காட்டியது இரண்டு துண்டு. முதலாவது ஊமைப்படம், வெளிநாட்டில் யாரோ சேர்த்து வைத்திருந்தது, மூன்று நிமிஷம்கூட இல்லை. இருபத்தைந்து வயதுப் பிள்ளை மதில்மேல் ஏறி நின்று சிரிக்கிறான். என் பேரனைவிடச் சின்னவன். அப்பா என்று கூப்பிடவே எனக்கு வாய் வரவில்லை. இரண்டாவது பேசும்படம். வேலோடு உள்ளே வந்து குனிந்து, "மகாராஜா, ரதம் தயாராக இருக்கிறது" என்று சொல்லிவிட்டுப் போகிறார். அவ்வளவுதான். அந்தக் கரகரப்பு. அந்தப் பெண்ணிடம் திரும்பத் திரும்பப் போடச் சொல்லி ஒன்பது தடவை கேட்டேன். அந்தக் குரலைக் கேட்க அம்மாவுக்குத்தான் கொடுத்து வைக்கவில்லை. நீ கேள். காதில் மெஷினை மாட்டிக்கொண்டு கேள்.

இனி என் வேண்டுகோள். புரட்டாசி அமாவாசைக்கு ஒரு மாதம் இருக்கிறது. மாயவரம் துலாக்கட்டத்தில் காவேரித் தண்ணீர் இருக்கும். உன் மகனைக் கூட்டிக்கொண்டு வா. விமானத்தில் திருச்சிவரை வந்தால் பிரபு வண்டி எடுத்துக்கொண்டு வருவான். நீ வருஷா வருஷம் அப்பாவுக்குச் செய்கிறாய், ஐயர் தாயார் பேர் என்ன என்று கேட்டால் மட்டும் வாயை மூடிக்கொண்டு எழுந்துவிடுகிறாய் என்று உன் வீட்டுக்காரி சாவதற்கு முந்தின வருஷம் என்னிடம் சொல்லி அழுதாள். அன்றைக்கும் நான் வாயைத் திறக்கவில்லை.

என்மேல் கோபம் வரும். வரட்டும், அது எனக்குச் சேரவேண்டியது. என் வீட்டில் கைநனைக்கமாட்டேன் என்றால் மாயவரத்திலேயே ரூம் போட்டுத் தரச் சொல்கிறேன். நான் கட்டத்துக்கு வரக்கூடாது என்றால் வரவில்லை. என்னோடு பேசாமலே திரும்பிப் போ. உடம்புக்கு முடியாமல் வரவே இயலாவிட்டால் அங்கே பினாங்குக் கடலிலாவது இறங்கு. அவளுக்குக் கட்டணம், சாமான் ஒன்றும் வேண்டாம், ஒரு பிடி எள்ளும் தண்ணீரும் போதும். ஐயர் கேட்கும்போது நாகம்மாள் என்று வாய்விட்டுச் சொல்லு தம்பி. முப்பத்தெட்டு வருஷமாக அந்தப் பேரை அவளுடைய பிள்ளை ஒருத்தன் சொல்லக் காத்திருக்கிறாள்.

உன் பிள்ளைகள் கடைசி நாள்வரை உன்னை விட்டு விலகாமல், உன் பேச்சை நம்பி, உன் பக்கத்திலேயே இருக்கவேண்டும் என்று ஆசீர்வதிக்கும்,

உன் அக்கா
பிரகதாம்பாள்